மனச்சாட்சியின் மூலதனம்

"ஆடுகளம் கற்றுத் தந்த பாடம்தான் என்னை அலுவலகத்தின் உச்சியிலே அமர்த்திற்று!"

மாலையும் பொன்னாடையும் ஏற்றுக்கொண்டு, எங்கள் பள்ளியின் ஆண்டு விழா மேடையிலே சிறப்பு விருந்தினர் இவ்விதம் முழங்கினார். பல்கலைக்கழகத்திலே படித்த நாளில் கிரிக்கெட் அணியிலே ஆடியவர். பின்னர் நிதித்துறையிலே புகுந்து, படிப்படியாக ஏறி, இன்று கோடிகளைக் கையாளும் பீடத்திலே வீற்றிருப்பவர். உழைப்பு, ஒழுங்கு, நேர்மை, தலைமைப் பண்பு ஆகிய நான்கையும் மட்டையும் பந்துமே தமக்குத் தந்தன என்றார். கைதட்டல் பந்தலைப் பிளந்தது. நானும் தட்டினேன்.

மறுநாள் காலை, ஒன்பதாம் வகுப்பு மாணவன் ஒருவன் என் மேசையருகே வந்து நின்றான். சித்தாள் வேலை பார்க்கும் தாயின் மகன். ரப்பர் பந்தை அவன் வீசினால், மேல்வகுப்புப் பையன்கள் மட்டையைப் பின்னே இழுத்துக்கொள்வார்கள், அத்தனை வேகம்! "ஐயா, நானும் நல்லா பந்து வீசுறேனே, எனக்கும் அந்த மாதிரி வேலை கிடைக்குமா?" என்று கேட்டான்.

"கிடைக்கும், போய்ப் படி" என்றேன். நாக்கு சொல்லிற்று, நெஞ்சு சுட்டது. ஆசிரியன் பொய் சொல்லலாமா? அந்தச் சிறுவனுக்கு நான் பட்டிருக்கும் கடனை இக்கட்டுரையிலே அடைக்க முயலுகிறேன்.

தோழர்களே! ஆடுகளத்திலிருந்து நிதிக்கோட்டைக்குச் செல்லும் பாதை ஒன்று உண்டு என்பது மெய். அந்தப் பாதை முதன்முதலில் செம்மையாகப் போடப்பட்ட இடம் இங்கிலாந்து. அங்கே அந்தப் பாதையிலே நடந்தவர் யார், நடக்கக்கூடாதென்று தடுக்கப்பட்டவர் யார், வாயிற்காவல் புரிந்தது எது என்று பார்த்தோமானால், விருந்தினர் சொன்ன பாடத்திலே விடுபட்டுப்போன பக்கம் நமக்குக் கிடைத்துவிடும்.

*

கப்பி ஆலன் என்று கிரிக்கெட் உலகம் அழைத்த ஜார்ஜ் ஆஸ்வால்ட் பிரவுனிங் ஆலன் 1902இல் சிட்னியிலே பிறந்து, சிறு வயதிலேயே இங்கிலாந்து வந்து சேர்ந்தவர். படித்தது ஈட்டன் பள்ளி. அதன் பிறகு கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகம். ஆக்ஸ்போர்டும் கேம்பிரிட்ஜும் 1827 முதல் மோதிவந்த அந்தப் புகழ்பெற்ற பந்தயத்திலே 1922, 1923 ஆகிய இரண்டாண்டுகளிலும் ஆடியவர். பின்னாளில் இலண்டன் பங்குச்சந்தையிலே தரகர். இங்கிலாந்துக்காக 25 டெஸ்ட் பந்தயங்கள். அவற்றுள் 11இல் அணித்தலைவர். பல்கலைக்கழக ஆட்டக்காரர் நிதித்துறையிலே வாழ்வமைத்துக்கொண்ட கதைக்கு, இவரைவிடப் பொருத்தமான ஆள் வேறு யார்?

அவருடைய திறமையை நான் குறைத்துப் பேசப் போவதில்லை. 1929இல் லார்ட்ஸ் மைதானத்திலே, லங்காஷயர் அணியின் பத்து விக்கெட்டுகளையும் அவர் ஒருவரே வீழ்த்தினார். கொடுத்த ஓட்டங்கள் 40 மட்டுமே. பலே! ஆனால் அந்த நாளைப்பற்றிய மற்றொரு செய்தியையும் கவனியுங்கள். அன்று அவர் ஆட்டத்துக்குத் தாமதமாகவே வந்தார். புதுப்பந்தை வீசும் வாய்ப்பு அவருக்கு அன்று இல்லை. காரணம்? அலுவலக வேலையை முடித்துக்கொண்டு வந்தார்! தாமதமாக வந்தவரை ஏனென்று கேட்பாரில்லை. ஏனெனில் அவர் கனவான். ஆட்டம் அவருக்குப் பொழுதுபோக்கு, பிழைப்பு வேறிடத்திலே. அவருடன் அதே களத்திலே நின்ற கூலி ஆட்டக்காரன் தாமதமாக வந்திருந்தால்? கிடைத்திருப்பது பத்து விக்கெட் அல்ல, வேலையிலிருந்து சீட்டு!

கனவான், ஆட்டக்காரன். இது நான் கற்பித்த பாகுபாடல்ல. இங்கிலாந்துக் கிரிக்கெட்டே ஏட்டிலெழுதி வைத்திருந்த இரு சாதிகள் இவை. பணம் வாங்காமல் ஆடுவோர் கனவான்கள். கூலி பெற்று ஆடுவோர் வெறும் ஆட்டக்காரர்கள். 1806 தொடங்கி 1962 வரை, கனவான்கள் ஓரணி, ஆட்டக்காரர்கள் மற்றோரணி என்று பந்தயம் நடத்தி மகிழ்ந்தார்கள். ஒரே கட்சிக்காக ஆடும்போதும் உடை மாற்ற வேறு வேறு அறை. களத்திலே இறங்க வேறு வேறு வாயில். கனவானைத் 'திருவாளர்' போட்டு அழைக்க வேண்டும். ஆட்டக்காரனுக்குப் பெயர் போதும். அச்சிட்ட அட்டையிலே கனவானுக்கு முதலெழுத்துகள் பெயருக்கு முன்னே. ஆட்டக்காரனுக்குப் பெயருக்குப் பின்னே! மிடில்செக்ஸ் பந்துவீச்சாளர் ஃபிரெட் டிட்மஸின் முதலெழுத்துகள் அட்டையிலே தவறுதலாக முன்னே அச்சாகிவிட்டதாம். அந்தப் 'பெரும்பிழை'யைத் திருத்தி வாசிக்குமாறு லார்ட்ஸ் ஒலிபெருக்கி, கூடியிருந்தோர்க்கு அறிவித்ததாக இன்றும் சொல்லிச் சிரிக்கிறார்கள். சிரிக்கட்டும்! எழுத்துக்குக்கூட மேலிடம் கீழிடம் வகுத்த அறிவாளிகளைக் கண்டு சிரிக்காமல் வேறென்ன செய்வது?

*

"கனவான் என்பது குணத்தைக் குறிக்கும் பட்டமப்பா, பணத்தைக் குறிப்பதல்ல" என்பார் பழமை விரும்பிகள்.

அப்படியா? இரண்டு மனிதரைக் காட்டுகிறேன்.

ஒருவர் டபிள்யூ. ஜி. கிரேஸ். தாடிவைத்த கிரிக்கெட் தெய்வம். பணம் வாங்காத கனவான் என்றே ஏட்டிலே பதிவு. ஆனால் 1895இல் அவருக்காகத் திரட்டி வழங்கப்பட்ட நிதி மட்டும் சுமார் 9,000 பவுன்! எந்தக் கூலி ஆட்டக்காரனும் கனவிலும் காணாத தொகை. பணம் கை மாறியது, பட்டம் மாறவில்லை.

மற்றவர் வால்டர் ஹாமண்ட். உலகம் கண்ட தலைசிறந்த மட்டையாளர்களில் ஒருவர். பல்லாண்டு கூலி ஆட்டக்காரர்; ஆகவே இங்கிலாந்துக்குத் தலைமை தாங்கத் 'தகுதி' இல்லாதவர். 1937இல் டயர் வாணிபக் கம்பெனி ஒன்று அவரை இயக்குநராக அமர்த்திக்கொண்டது. கூலி வேண்டாமென்று அறிவித்தார், கனவான் ஆனார், 1938இல் இங்கிலாந்தின் அணித்தலைவர்! அதே கை, அதே மட்டை, அதே மூளை. மாறியது எது? குணமா? குருதியா? இல்லை, சம்பளப் பட்டியல்! கம்பெனியின் நாற்காலி ஒன்று, ஓரிரவிலே தகுதியற்றவனைத் தகுதியுடையவனாக்கிவிட்டது. தகுதி, தகுதி என்று மார்தட்டுவோரே, தகுதி எங்கே இருந்தது? மட்டையிலா, டயரிலா?

ஈட்டனும் கேம்பிரிட்ஜும் கண்ட ஹாக் பிரபு, கூலி ஆட்டக்காரன் எவனும் ஒருநாளும் இங்கிலாந்துக்குத் தலைவனாகிவிடக் கூடாதென்று 1925இல் ஆண்டவனை வேண்டிக்கொண்டார். பிரபுவின் வேண்டுதல் 27 ஆண்டுகளே பலித்தது. 1952இல் லென் ஹட்டன், கூலி ஆட்டக்காரராகவே இருந்து, இங்கிலாந்தின் தலைவரானார். மறு ஆண்டே ஆஸ்திரேலியாவை வென்று காட்டினார். வானம் இடிந்து விழவில்லை! ஆயினும் அவருடைய சொந்த யார்க்ஷயர் அணி, அவரை நிரந்தரத் தலைவராக்க மனம் கொள்ளவேயில்லை.

*

இப்போது நிதிக்கோட்டைக்கு வருவோம். கனவான் கிரிக்கெட் வீரனைப் பங்குத் தரகுக் கம்பெனிகள் விரும்பி அழைத்தது ஏன்? ஆட்டம் தந்த ஒழுக்கத்துக்காகவா?

தொழிலின் உள்ளமைப்பைப் பாருங்கள். இலண்டன் பங்குச்சந்தையிலே தரகுக் கட்டணத்துக்குக் குறைந்த அளவு இன்னதென்று விதி இருந்தது. எல்லாத் தரகரும் ஏறக்குறைய ஒரே விலைதான் கேட்க முடியும். கட்டணத்தைக் குறைத்து வாடிக்கையாளரைப் பிடிக்க வழியில்லை. பிறகு எதைக் கொண்டு பிடிப்பது? அறிமுகத்தைக் கொண்டு! பிரபுவுடன் பள்ளியிலே படித்தவன், வங்கி முதலாளியுடன் பல்கலைக்கழகத்திலே ஆடியவன், மந்திரியுடன் லார்ட்ஸ் மண்டபத்திலே தேநீர் அருந்துபவன், இவனைக் கம்பெனியிலே சேர்த்துக்கொண்டால் செல்வர்களின் கணக்குகள் பின்னாலேயே வந்து சேரும். 'என் சொல்லே என் பத்திரம்' என்பது அந்தச் சந்தையின் குறிக்கோள் வாசகம். அழகான வாசகந்தான்! ஆனால் யாருடைய சொல் பத்திரமாக மதிக்கப்பட்டது? சுரங்கத் தொழிலாளியின் சொல்லா? ஒரே பள்ளிக் கழுத்துப்பட்டை அணிந்தவனுடைய சொல்! பெண்ணின் சொல்கூட அங்கே ஏறவில்லை. 1973 வரையில் அந்தச் சந்தையிலே பெண்களுக்கு உறுப்பினராக இடமே கிடையாது. கட்டண விதியும் 1986 அக்டோபரிலேதான் தகர்க்கப்பட்டது.

ஆகவே, மட்டை தந்தது ஒழுக்கமல்ல, உறவு. பந்து பயிற்றியது பொருளாதாரமல்ல; பழக்கவழக்கம். ஒழுக்கம்தான் கூலியென்றால், ஆண்டுதோறும் மே முதல் செப்டம்பர் வரை வெயிலிலும் தூறலிலும் தோள்பட்டை நோக ஓடிவந்து பந்து வீசிய கூலி ஆட்டக்காரனல்லவா முதலில் பங்குச்சந்தைக்குள் நுழைந்திருக்க வேண்டும்? அவனுக்குக் கிடைத்தது எது? ஓய்வு பெற்றபின் ஒரு மதுக்கடை, ஒரு மிட்டாய்க்கடை, பள்ளிக்கூட மைதானத்திலே ஒரு பயிற்சியாளன் வேலை. அதுவும் அதிர்ஷ்டசாலிக்கு!

*

மிட்டாய்க்கடை என்றேன். அந்தக் கடைக்காரரை உங்களுக்கு அறிமுகப்படுத்த வேண்டும். பெயர் ஹரால்ட் லார்வுட். 'அவர்' என்றே எழுதுகிறேன். லார்ட்ஸ் அட்டையிலே கிடைக்காத மரியாதை இந்த ஏட்டிலாவது கிடைக்கட்டும்!

1904இல் நாட்டிங்காம்ஷயரிலே, நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளியின் குடும்பத்திலே பிறந்தார். ஈட்டனிலே ஆலன் இலத்தீன் படித்த வயதிலே, இவர் பூமிக்கடியிலே கரிவண்டி இழுக்கும் மட்டக்குதிரைகளை மேய்த்தார். அங்கிருந்து அவரை வெளிச்சத்துக்குக் கொண்டுவந்தது பந்து. அந்நாளில் உலகத்திலேயே வேகமான பந்து!

1932-33இல் டக்ளஸ் ஜார்டின் தலைமையிலே இங்கிலாந்து அணி ஆஸ்திரேலியா சென்றது. ஜார்டின் பம்பாயிலே பிறந்து ஆக்ஸ்போர்டிலே பயின்றவர். சட்டமும் வங்கி வேலையும் கண்ட கனவான். பிராட்மனை அடக்க ஒரு சூழ்ச்சி வகுத்தார். மட்டையாளனின் உடலைக் குறிவைத்துப் பந்தை வீசு. கால்பக்கம் ஆட்களைக் குவித்து வை. அவன் உடலைக் காத்துக்கொள்ள மட்டையைத் தூக்கினால் பிடித்துவிடு! உடற்குறிப் பந்து என்று உலகம் அதைத் தூற்றியது. அடிலெய்டு பந்தயத்திலே ஆஸ்திரேலியத் தலைவர் உட்ஃபுல் மார்பிலே அடிபட்டுத் தள்ளாடினார். ஓல்ட்ஃபீல்டின் மண்டையோட்டிலே விரிசல். இரு நாடுகளுக்கிடையே தந்திகள் பறந்தன, அரசாங்கங்களே கலங்கின.

அணியிலே வேகப்பந்து வீச்சாளர் பலர். கால்பக்கம் ஆள் நிறுத்தி உடலைக் குறிவைத்து வீசும்படி ஆலனிடமும் ஜார்டின் கேட்டார். ஆலன், "முடியாது!" என்றார். தலைவனின் முகத்துக்கெதிரே மறுத்தார், கடைசிவரை மறுத்தார். ஐந்து டெஸ்டிலும் ஆடினார். நேர்மையான பந்து வீசியே 21 விக்கெட்டுகள் எடுத்தார்.

மறுத்த இன்னொருவர் பட்டோடி நவாபு. கால்பக்க வியூகத்திலே நிற்க மாட்டேனென்றார். முதல் டெஸ்டிலே நூறு ஓட்டம் எடுத்தவரை, இரண்டாவது டெஸ்டோடு ஒதுக்கினார்கள். ஒதுக்கட்டுமே! அரண்மனை இருக்கிறது, அடுப்பு அணைந்துவிடாது.

லார்வுட்? அவரிடம் கேட்கப்பட்டது, அவர் வீசினார். 33 விக்கெட்டுகள். கோப்பை இங்கிலாந்துக்கு. கடைசி டெஸ்டிலே மட்டை பிடித்து 98 ஓட்டம் எடுத்தார். பாதம் முறிந்து வெளியேறினார். நன்றியுள்ள தலைவரிடமிருந்து ஒரு வெள்ளிச் சாம்பல் கிண்ணம் பரிசு.

பிறகுதான் நாடகத்தின் உச்சக்கட்டம். ஆஸ்திரேலியாவுடன் உறவு கெட்டது, சமாதானம் வேண்டும், பலியாடு வேண்டும். ஆணையிட்டவர் கனவான், அவரிடம் மன்னிப்புக் கேட்கச் சொல்லவில்லை. 1933-34இல் அவரையே தலைவராக்கி இந்தியாவுக்கு அனுப்பிவைத்தார்கள். 1934 பிப்ரவரியில் நம் சேப்பாக்கத்திலே நடந்த முதல் டெஸ்டிலே இங்கிலாந்துக்குத் தலைமை தாங்கியவர் அந்த ஜார்டின்தான். ஆணையை நிறைவேற்றியவரிடமோ, "மன்னிப்புக் கடிதத்திலே கையெழுத்திடு!" என்றார்கள். "தலைவர் சொன்னதைச் செய்தேன், எதற்கு மன்னிப்பு?" என்ற கருத்திலே அசையாது நின்றார் லார்வுட். அதன்பின் இங்கிலாந்துக்காக அவர் ஒரு பந்துகூட வீசவில்லை. 28 வயதிலே ஆடிய சிட்னி டெஸ்டே அவருடைய கடைசி டெஸ்ட்.

*

இங்கே நில்லுங்கள் தோழர்களே. இக்கட்டுரையின் உயிர்நாடி இங்கேதான் இருக்கிறது.

"ஆலன் உத்தமர், மனச்சாட்சிப்படி நடந்தார். லார்வுட் அப்படி நடக்கவில்லை. கனவானுக்கும் கூலிக்கும் அதுதானப்பா வேறுபாடு!" என்று பேசுவோருண்டு.

ஆலன் செய்தது சரி என்பதை நான் மறுக்கவில்லை. ஆனால் ஆலனின் "முடியாது" என்ற சொல்லுக்கு அடியிலே என்ன இருந்தது என்று பார்க்கிறேன். கேம்பிரிட்ஜ் இருந்தது. குடும்பச் செல்வம் இருந்தது. இலண்டன் வணிக உலகத்திலே காத்திருந்த வாழ்வு இருந்தது. அணியிலிருந்து நீக்கினாலும் அவர் இழப்பது ஓர் ஆட்டம். லார்வுட் "முடியாது" என்றிருந்தால் இழப்பது சோறு! அவருக்கு மேலே நின்றது தலைவரின் ஆணை; கீழே காத்திருந்தது நிலக்கரிச் சுரங்கம். இரண்டுக்கும் நடுவிலே மனச்சாட்சிக்கு எத்தனை அங்குல இடம்?

மனச்சாட்சி எல்லாரிடமும் உண்டு. அதைச் செலவிட மூலதனம் வேண்டியிருக்கிறது! செல்வனுக்கு அது சட்டைப்பையிலே உள்ள சில்லறை. எடுத்து வீசுவான், பெயர் வாங்குவான். ஏழைக்கோ அது தாலிச்சங்கிலி; கழற்றினால் குடும்பமே மூளி. இந்த வேறுபாட்டைக் குணத்தின் வேறுபாடென்று சொல்வது அறியாமை. அறிந்தே சொல்வது அயோக்கியத்தனம்!

இன்னொன்றையும் எண்ணிப் பாருங்கள். மன்னிப்புக் கேட்கச் சொன்னபோது லார்வுட் மறுத்தாரே, அது என்ன? மனச்சாட்சியல்லவா? எல்லாவற்றையும் இழந்துதான் அந்த "முடியாது"வை அவர் சொன்னார். ஆலன் மறுத்தார், பதவி உயர்ந்தார். லார்வுட் மறுத்தார், பிழைப்பு இழந்தார். எந்த மறுப்பு விலையுயர்ந்தது? நெஞ்சிலே கைவைத்துச் சொல்லுங்கள்!

கனவானின் மனச்சாட்சி என்றும் விழித்தே இருக்குமென்றால், 1968இல் அது எங்கே போயிற்று? அப்போது ஆலன், எம்.சி.சி. எனும் கிரிக்கெட் பேராலயத்தின் பொருளாளர். பங்குச்சந்தைக்காரருக்குப் பொருத்தமான பதவி! தென்னாப்பிரிக்காவிலே 'கலப்பினம்' என்று முத்திரை குத்தப்பட்டு, ஆட இடமின்றி இங்கிலாந்து வந்து புகழ் பெற்ற பாசில் டி'ஒலிவேராவை அணியிலே சேர்த்தால், தென்னாப்பிரிக்க வெள்ளை அரசு சுற்றுப்பயணத்தை ஏற்காது என்ற செய்தி, கோபம் பிரபுவின் கடிதத்தின் வழியே வந்தது. கடிதம் தலைவர் கில்லிகன், செயலாளர் கிரிஃபித், பொருளாளர் ஆலன் ஆகியோர் கண்ணிலே பட்டது. கமிட்டியின் முன்னே வைக்கப்படவில்லை. ஓவல் மைதானத்திலே 158 ஓட்டம் குவித்தபின்னும் டி'ஒலிவேராவின் பெயர் முதலிலே அறிவித்த பட்டியலிலே இல்லை. நாடு கொதித்தது; வேறொருவர் காயத்தால் விலகவே அவரைச் சேர்த்தார்கள்; நிறவெறி அரசு பயணத்தையே தடுத்தது. தலைவன் முகத்துக்கெதிரே "முடியாது" என்று சொன்ன அதே நாக்கு, 36 ஆண்டுகளுக்குப் பின் அடைத்துக்கொண்டது ஏன்? 1932இல் அவர் தனிமனிதர், 1968இல் பீடம். பீடத்துக்கு மனச்சாட்சி இல்லை. கணக்குப் புத்தகம்தான் உண்டு.

*

முடிவுரையைக் கேளுங்கள். ஆலனுக்கு 1986இல் 'சர்' பட்டம். லார்ட்ஸ் மைதானத்திலே ஒரு பார்வையாளர் மாடத்துக்கே அவர் பெயர். லார்வுட் பிளாக்பூல் நகரிலே மிட்டாய்க்கடை வைத்தார். 1950இல் குடும்பத்தோடு கப்பலேறினார். எங்கே? எந்த நாட்டு மக்கள் அவரை வெறுப்பார்களென்று உலகம் எண்ணியதோ, அந்த ஆஸ்திரேலியாவுக்கே! அவர் பந்தை எதிர்த்து நின்ற ஃபிங்கிள்டன்தான் குடியேற உதவினார். சிட்னியிலே குளிர்பானத் தொழிற்சாலையிலே வேலை பார்த்தார். பிறந்த நாட்டு அரசின் சிறு விருதொன்று அவரை எட்டியது 1993இல், வயது 88. சிட்னியிலே பிறந்த தரகர் இலண்டனிலே 'சர்'. இங்கிலாந்திலே பிறந்த சுரங்கத் தொழிலாளி சிட்னியிலே அகதி போலே! பூமி உருண்டை என்கிறார்கள். அது சரிந்தும் கிடக்கிறது.

"இது வெள்ளைக்காரன் கதை, நமக்கென்ன?" என்பீர்களோ? சென்னையிலே 1846இல் தொடங்கிய கிரிக்கெட் கிளப்பிலே வெள்ளையர்க்கு மட்டுமே இடம். அந்த இழிவைப் பொறாது புச்சிபாபு நாயுடு, இந்தியர்க்கென்று தனிச் சங்கம் கண்டார். அவர் மகன் கோட்டா ராமசாமி, கேம்பிரிட்ஜிலே படித்தவர், 1936இல் 40 வயதிலே மான்செஸ்டர் டெஸ்டிலே 40உம் 60உமாக ஓட்டங்கள் எடுத்தார்; எதிரணித் தலைவர் இதே ஆலன்! ஆனால் அப்போது இந்திய அணிக்குத் தலைவர் யார்? ஆட்டத்தால் அல்ல, ஐசுவரியத்தால் தலைவரான விஜயநகரம் மகராஜகுமாரர். நூறு விக்கெட்டுக்குமேல் 1911 இங்கிலாந்துப் பயணத்திலே வீழ்த்திய பல்வங்கர் பாலுவுக்கோ, புனாவிலே சொந்த அணியினரே தனி மண்குவளையிலே, வெளியிலே வைத்துத் தேநீர் தந்தார்கள். தலைமையை ஒருநாளும் தரவில்லை. இலண்டனிலே முதலெழுத்து, புனாவிலே மண்குவளை. நோய் ஒன்று, நாட்டுக்கு நாடு புண்தான் வேறு!

"அதெல்லாம் பழங்கதை, 1962இலேயே கனவான் பாகுபாட்டை ஒழித்துவிட்டார்களே!" என்று மற்றொரு குரல். ஒழித்தது பெயரை. 2023 ஜூனில் இங்கிலாந்துக் கிரிக்கெட்டின் சமத்துவம்பற்றி ஆராய்ந்த தனிக்குழு தந்த அறிக்கையைப் படியுங்கள். 2021இல் இங்கிலாந்துக்கு ஆடிய ஆடவர்களுள் 58 விழுக்காட்டினர் கட்டணம் வாங்கும் தனியார் பள்ளிகளிலே படித்தவர்கள். நாட்டு மக்களிலே அத்தகையோர் 7 விழுக்காடுதான்! வாயிற்பலகையைக் கழற்றிவிட்டார்கள், வாயிற்காவலனை மாற்றவில்லை.

*

தோழர்களே! ஆட்டத்தை நான் வெறுக்கவில்லை. மாலையிலே பிள்ளைகளோடு நானும் மட்டை பிடிக்கிறேன். பல்கலைக்கழகத்திலே ஆடியவர் நிதித்துறையிலே உயர்ந்தால் பொறாமையும் இல்லை. உயரட்டும்! ஆனால் மேடையேறி ஏழைப் பிள்ளைகளுக்கு அறிவுரை கூறும்போது, ஏணியையும் சேர்த்துக் காட்ட வேண்டும். "என் திறமை" என்று சொல்லும் வாய், "என் தந்தையின் பணம், என் பள்ளியின் பெயர், என் நண்பனின் மாமா" என்பதையும் சொல்லட்டும். சொல்லாவிட்டால், ஏறமுடியாத பிள்ளை தன்னையே நொந்துகொள்வான். "எனக்குத்தான் தகுதியில்லை" என்று தலைகுனிவான். பசியைவிடக் கொடிது அந்தத் தலைகுனிவு!

நேற்று அந்த மாணவனைக் கூப்பிட்டேன். "தம்பி, அன்று நான் சொன்னது முழு உண்மையல்ல. பந்து வீசுவதால் மட்டும் அந்த நாற்காலி கிடைக்காது. நீ படிப்பாய், நீ தடுக்கப்படவும் கூடும். தடுக்கப்பட்டால் அது உன் குறையல்ல, கதவின் குறை. கதவைத் திறக்கச் சொல்லிக் கேட்க உனக்கு உரிமை உண்டு" என்றேன்.

சற்று யோசித்தான். "அந்த லார்வுட்டு கடைசிவரைக்கும் மன்னிப்பு கேக்கவே இல்லையா ஐயா?" என்றான்.

"இல்லை."

பந்தை எடுத்துக்கொண்டு மைதானத்துக்கு ஓடினான்.

அவன் ஓடட்டும், வேகமாக வீசட்டும். என்றேனும் ஒருநாள் "முடியாது" என்று அவனும் சொல்ல வேண்டிவரும். அன்று அவன் வீட்டு அடுப்பு அணையாதிருக்கும்படி ஒரு சமுதாயத்தை அமைப்பது நம் வேலை. வேலைக்குக் காப்பு, கூலிக்கு உறுதி, கல்விக்குத் திறந்த கதவு, இம்மூன்றும் எல்லார்க்கும் கிடைக்கிற நாளிலேதான், மனச்சாட்சி கனவான்களின் தனிச்சொத்தாக இருப்பது ஒழியும். அந்த நாளை ஆண்டவனிடம் வேண்ட வேண்டாம். ஹாக் பிரபு வேண்டிப் பார்த்தார்; பலிக்கவில்லை. நாம் வேலை செய்வோம்!